வழக்கொழிந்த சொல்

பாதிக் கஞ்சி உள்ளே போனதும் மாமா வாயை இறுக மூடிக்கொண்டார். பிறகு இசக்கியம்மாளின் முகத்தை நேராகப் பார்த்து அந்த வார்த்தையைச் சொன்னார்.

"காட்டிலஸ்."

"இன்னும் ரெண்டே வாய்தான் மாமா" என்றாள் அவள். குரலில் ஒன்றும் தட்டுப்படாமல் பார்த்துக்கொண்டாள். ஆனால் மனசுக்குள் சந்தேகப் பூச்சி எழுந்து ஊரத் தொடங்கிவிட்டது. இப்போது எதற்குச் சொன்னார்? மாத்திரையைப் பொடித்துக் கஞ்சியில் கலந்திருப்பதைக் கண்டுபிடித்துவிட்டாரா? கசப்புத் தெரியக் கூடாதென்று கருப்பட்டியைக் கொஞ்சம் கூடுதலாகத்தான் தட்டிப் போட்டிருந்தாள். மாத்திரை என்றால் பல்லைக் கடித்துக்கொள்கிறார், கஞ்சி என்றால் திறக்கிறார், வேறு என்ன செய்ய? ஏமாற்றுதான். நல்லதுக்கான ஏமாற்று என்று சொல்லிக்கொள்ளலாம், எல்லாரும் அப்படித்தான் சொல்லிக்கொள்வார்கள். வாழ்நாளெல்லாம் பொய்ச் சாட்சிகளின் மூஞ்சியைப் பார்த்தே காலம் தள்ளின வக்கீலுக்கு, கருப்பட்டிக்குப் பின்னால் ஒளிந்து நிற்கிற கசப்புத் தெரியாமலா போகும்? அவர் முகத்தைப் பார்த்தாள். அதில் படிக்க முடிந்தால் ஏன் இந்தப் பாடு. வலது பாதி அசையாது. இடது பாதி மட்டும் மேலே ஏறும், அது சிரிப்பா, அழுகையா, ஏளனமா, கடைவாயில் ஒட்டின கஞ்சியை நாக்கு தேடுவதா என்று யாருக்குத் தெரியும்? பாதி முகத்தோடு ஒருவர் நம்மைப் பார்த்தால், மீதிப் பாதியை நாம்தான் வரைந்துகொள்ள வேண்டியிருக்கிறது. அவள் வரைந்துகொள்கிற பாதி நல்லதாக ஒரு நாளும் வந்ததில்லை.

ஈஸ்டர் கழிந்த வாரம் விழுந்தார். அட்வகேட் அருமைநாயகம் என்றால் பாளையங்கோட்டையில் அந்தக் காலத்து ஆட்களுக்கெல்லாம் தெரியும், இங்கிலீஷ் பேசுவதைக் கேட்பதற்கென்றே கோர்ட்டுக்குப் போய் உட்கார்ந்த ஆட்கள் உண்டு. விழுந்ததில் வலது கை போயிற்று, வலது கால் போயிற்று, பேச்சு முழுதாகப் போயிற்று. ஆற்றில் வெள்ளம் வந்து வீட்டையே அள்ளிக்கொண்டு போன பிறகு ஒற்றைச் செம்பு மட்டும் எங்கோ முட்செடியில் மாட்டிக்கொண்டு நிற்குமே, அப்படி ஒரு நாள் மத்தியானம் அந்த ஒரு வார்த்தை மட்டும் வெளியே வந்தது. முதல் தடவை அவளுக்கு அது 'கட்டில்' என்றுதான் கேட்டது. சந்தோஷத்தில் ஓடிப்போய்க் குனிந்தாள். கட்டிலில் என்ன மாமா, குத்துதா? மெத்தையை மாற்றினாள். புருஷன் ரூபனைக் கொண்டு கட்டிலைச் சன்னலோரம் நகர்த்தினாள். தலைமாட்டுக் காலுக்கு ஒரு செங்கல் வைத்து உயர்த்தினாள். மறுபடியும் அதே வார்த்தை. ஒருவேளை 'காட்டு' என்கிறாரோ? காட்டினாள். தண்ணீர்ச் செம்பு, மூக்குக்கண்ணாடிக் கூடு, வேதப்புத்தகம், செத்துப்போன அத்தையின் போட்டோ, சன்னல் வழியே வெளிக்கேட்டு, ஒவ்வொன்றாகத் தூக்கியும் சுட்டியும் காட்டினாள். அவர் எதையும் பார்க்கவில்லை. காட்டுகிறவளையே பார்த்துக்கொண்டிருந்தார். அப்போதே அவளுக்கு உறைத்திருக்க வேண்டும். பார்வை எங்கே இருக்கிறதோ வார்த்தையும் அங்கேதானே போகிறது.

உறைக்க வைத்தது ஹெப்சிபா மதினிதான். ரூபனுக்கு மூத்தவள், மதுரையில் ஒரு காலேஜில் காமர்ஸ் நடத்துகிறாள். போன ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்த கையோடு வந்தாள், கையில் ஆப்பிள் பையும் முகத்தில் அந்தச் சோதனை போடுகிற பார்வையுமாக. மருந்து டப்பாவைத் திறந்து பார்த்தாள். படுக்கை விரிப்பை முகர்ந்து பார்த்தாள். மாமா அவளைப் பார்த்ததும் கண்ணில் நீர் கட்டி, சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டார். எப்போதும் அப்படித்தான். மகளிடமும் மகனிடமும் வாயைத் திறப்பதில்லை. "ஒரு சத்தமும் வரலையா?" என்று மதினி அடுக்களையில் வந்து கேட்டபோது, ஐயோ, இவளுக்கு நாக்கு சும்மா இருந்திருக்கக் கூடாதா, "ஒரு வார்த்தை வருது மதினி, கட்டில் மாதிரி" என்று சொல்லிக்காட்டினாள். எழுத்துக்கு எழுத்து, அவர் இழுக்கிற மாதிரியே. மதினி அதைத் தானும் ஒரு தடவை சொல்லிப் பார்த்தாள்.

"கட்டிலும் இல்ல, காட்டும் இல்ல. அது இங்கிலீஷ்ல்லா. அப்பா கேஸ் கதை சொல்லும்போது வரும். எங்க அம்மா கேலி பண்ணுவா, இந்த வார்த்தை வெள்ளக்காரனுக்கே மறந்துபோச்சுன்னு."

போனை எடுத்துத் தட்டினாள். தட்டித் தட்டி, எழுத்தை மாற்றி மாற்றிப் போட்டுப் பார்த்து, கடைசியில் வாசித்தாள். தந்திரமான. வஞ்சகமான. கள்ளத்தனமுள்ள. ஒவ்வொன்றுக்கும் ஒரு நிறுத்தம் விட்டு வாசித்தாள். பிறகு கட்டிலண்டை போய்க் குனிந்து, "அப்பா, யாரைப்பா சொல்லுதிய?" என்று கேட்டாள். மாமா திரும்பவில்லை. சுவரைப் பார்த்தபடி கிடந்தார். அந்த மௌனம் ஒரு விரலாக நீண்டு வந்து இசக்கியின் மேல் நின்றது. மதினி நிமிர்ந்து சிரித்தாள், பெரிய சிரிப்பு ஒன்றுமில்லை, உதட்டோரத்தில் ஒரு மடிப்பு. "எங்ககிட்ட ஒண்ணும் பேச மாட்டேங்காங்க. உங்கிட்ட மட்டும்தான் சொல்லுதாங்க, என்ன?"

அந்த 'என்ன'. ஏழு நாளாக அந்த 'என்ன' வீட்டுக்குள் திரிகிறது. துணி காயப்போடும்போது கொடியில் தொங்குகிறது, பால் காய்ச்சும்போது ஆடைக்கு அடியில் அசைகிறது. மதினி போன பிறகு, குளியலறைக் கதவைச் சாத்திக்கொண்டு, இசக்கியும் தன் போனில் தேடினாள். அந்த வார்த்தைக்குப் பக்கத்திலேயே சிறிய எழுத்தில் போட்டிருந்தது: பெயரடை, வழக்கொழிந்தது. வழக்கு ஒழிந்தது என்று முதலில் வாசித்துவிட்டு, வக்கீல் வீட்டில் இருந்து இருந்து புத்தி இப்படிப் போகிறதே என்று நினைத்துக்கொண்டாள். ஒரு நிமிஷம் மனசு லேசாகக்கூட ஆயிற்று, கேஸ் தள்ளுபடி ஆன மாதிரி. வழக்கு எங்கே ஒழிந்தது, யாரும் பேசாத வார்த்தையாம், அவ்வளவுதான். யாரும் பேசாத வார்த்தையைத் தேடி எடுத்துத் தன்மேல் எறிந்திருக்கிறார். கீழே அர்த்தங்கள் இருந்தன. முதலாவது மதினி வாசித்ததுதான். இரண்டாவதாக இன்னொன்று இருந்தது, மதினி வாசிக்காதது, அல்லது வாசித்துவிட்டு விழுங்கினது: முன்ஜாக்கிரதையுள்ள, எச்சரிக்கையான. இதென்ன கூத்து! கள்ளத்தனமும் முன்ஜாக்கிரதையும் ஒரே வார்த்தைக்குள்ளா? திருடனையும் காவல்காரனையும் ஒரே பெயர் சொல்லிக் கூப்பிட்டால் யார் திரும்பிப் பார்ப்பது? பள்ளிக்கூடத்தில் தமிழய்யா சொன்னது ஞாபகம் வந்தது, பெயரடை தனியாக நிற்காது, ஒரு பெயரைத் தொற்றிக்கொண்டுதான் நிற்கும். நல்ல என்றால் நல்ல என்ன? நல்ல பையன், நல்ல மாடு. அப்படியானால் காட்டிலஸ் என்றால் காட்டிலஸ் யார்? அவர் சொல்லும்போது அறையில் இருக்கிறது அவர், கட்டில், அவள். கட்டிலை யாரும் வஞ்சகமான கட்டில் என்று சொல்ல மாட்டார்கள்.

இன்னும் ஒரு வாய் கொடுத்தாள். விழுங்கினார். தொண்டையில் கை வைத்துப் பார்த்தாள், இறங்கிவிட்டது. மதில்மேல் பூனை ஒன்றை அவர் அப்படிச் சொன்னாரே என்று சட்டென்று தோன்றியது. அத்தை இருந்த காலம். பின்பக்க மதிலில் கண்ணாடிச் சில்லுப் பதித்திருக்கும், அந்தச் சில்லுகளுக்கு நடுவில் ஒவ்வொரு பாதமாக எடுத்து வைத்து ஒரு சாம்பல் பூனை வரும். அத்தை மீன் அரிந்துகொண்டிருப்பாள். மாமா கையில் பேப்பரோடு நின்று அதைப் பார்த்து ஏதோ இங்கிலீஷில் சொல்லிச் சிரித்தார். இந்த வார்த்தைதான் சொன்னார். சொன்னாரா? இல்லை, இப்போது இவளாக எடுத்து அவர் வாயில் வைக்கிறாளா? சொல்லியிருந்தால் எதைப் பார்த்துச் சொன்னார், மீனைத் திருட வருகிற எண்ணத்தையா, காலில் கீறல் படாமல் நடக்கிற அந்தப் பதவிசையா? பூனைக்கு அது இரண்டும் ஒன்றுதான். பூனையைப் பிடித்து நீ திருடியா ஜாக்கிரதைக்காரியா என்று கேட்டால் அது என்ன சொல்லும்?

அத்தோடு நின்றதா, அந்த முதல் நாளும் கூடவே வந்தது. ரெஜிஸ்டர் ஆபீஸில் கையெழுத்துப் போட்டுவிட்டு, சம்பங்கி மாலையோடு இந்த வீட்டு வாசலில் வந்து நின்ற நாள். வள்ளியூர்ப் பக்கத்துப் பெண், இசக்கியம்மனுக்கு நேர்ந்து வைத்த பெயர், இவர்களோ மூன்று தலைமுறையாக வேதக்கோயிலில் முதல் வரிசையில் உட்காருகிறவர்கள். மாமா மேஜையிலிருந்து எழுந்திருக்கவில்லை. கண்ணாடிக்கு மேலாக அவளைப் பார்த்தார். பிறகு மகனைப் பார்த்து இங்கிலீஷில் ஒரு வாக்கியம் சொன்னார். அது 'ஸ்' என்று முடிந்தது. ரூபனிடம் கேட்டபோது, "ஒண்ணுமில்ல, சாப்பிட்டாச்சான்னு கேட்டாங்க" என்றான். சாப்பிட்டாச்சா என்று கேட்க இங்கிலீஷ் எதற்கு? அன்று தொட்டே அவள் அதை நம்பவில்லை. அத்தை கொஞ்ச நாளில் மனசு இறங்கி எஸ்தர் என்று ஒரு பெயர் வைத்துக் கூப்பிட்டாள், சாகிறவரை கூப்பிட்டாள். மாமா எந்தப் பெயரும் சொல்லிக் கூப்பிட்டதில்லை. இசக்கி என்று சொல்ல அவருக்கு வாய் வரவில்லை, எஸ்தர் என்று சொல்ல மனசு வரவில்லை போல. "ஏம்மா" என்பார். "இந்தாம்மா" என்பார். வெளியாட்களிடம் "ரூபன் வீட்ல" என்பார். இத்தனை வருஷமும் பெயரில்லாமலே அவருக்குச் சோறு போட்டிருக்கிறாள். இப்போது பெயர் இல்லாத இடத்தில் பெயரடை வந்து உட்கார்ந்துகொண்டதா? அன்று அந்த வாசலில் சொன்னதையே இன்று மறுபடி சொல்கிறாரா? அப்படியானால் நடுவில் போன காலம் முழுவதும், அவள் வைத்த குழம்பு, துவைத்த வேட்டி, அத்தைக்குக் கடைசி நாட்களில் அள்ளிப்போட்ட பீத்துணி, எதுவும் அந்த முதல் தீர்ப்பைத் திருத்தவில்லையா?

சரி, அதெல்லாம் பழசு. உண்மையான பயம் அது இல்லை. உண்மையான பயம் அடுக்களையில், அரிசி டிரம்மில், அரிசிக்குள் புதைந்து கிடக்கிறது. காரின் சாவி. மாமாவுக்குக் கண்ணில் புரை விழுந்து ஆளும் மரமும் ஒன்றாகத் தெரிகிற நிலைமையிலும் காரை எடுத்துக்கொண்டு போவார். சமாதானபுரம் திருப்பத்தில் ஒரு ஆட்டோவை உரசிவிட்டு, ஆட்டோக்காரனிடமே இங்கிலீஷில் சண்டை போட்டுவிட்டு வந்தார். ரூபன் சொல்லிப் பார்த்தான், கேட்கவில்லை. ஒரு நாள் காலையில் மேஜைமேல் கிடந்த சாவியைக் கண்டாள். யோசிக்கவே இல்லை. கை எடுத்தது, கை புதைத்தது. "நான் பாக்கலியே மாமா" என்று வாய் சொன்னது. அவர் தேடினார். மேஜை இழுப்பறை, கோட்டுப் பை, சோபாவின் இடுக்கு, முழங்காலில் குனிந்து கட்டிலுக்கு அடி. தேடித் தேடி ஒரு நாள் நடுவே நிமிர்ந்து, அடுக்களை வாசலில் நின்ற அவளைப் பார்த்தார், சிரித்தார். ஒன்றும் கேட்கவில்லை. அந்த வாரமே விழுந்தார். குனிந்து குனிந்து தேடினதில் தலையில் ரத்தம் ஏறியிருக்குமோ? டாக்டரிடம் கேட்கலாம் என்றால் எப்படிக் கேட்பது, சாவி தேடினால் பக்கவாதம் வருமா டாக்டர் என்றா? கேட்டால் பக்கத்தில் ரூபன் நிற்பான். ரூபனும் முன்னைப் போல இல்லை. மதினி வந்துபோன மறுநாள், சட்டைப் பொத்தானைப் போட்டபடி, கண்ணாடியைப் பார்த்தபடி, "அப்பாவோட கார் சாவிய நீ பாக்கவே இல்லல்லா?" என்றான். கண்ணாடிக்குள் இருந்த அவன் கண் இவளைப் பார்த்ததா, தன் காலரைப் பார்த்ததா? "இல்ல" என்றாள். இரண்டாவது தடவை சொன்ன 'இல்ல'. முதல் 'இல்ல' ஜாக்கிரதைக்கு. இரண்டாவது எதற்கு?

கிண்ணத்தைக் கீழே வைத்தாள். ஈரத்துணியால் அவர் வாயைத் துடைத்தாள். அடுக்களைக்குப் போனாள். டிரம்மில் முழங்கை வரை விட்டுத் துழாவும்போது அரிசி குளிர்ச்சியாக இருந்தது. ஏன் இதைச் செய்கிறோம் என்று நின்று கேட்டிருந்தால் திரும்பியிருப்பாள், ஆகவே கேட்கவில்லை. சாவியைப் புடவை முந்தானையில் துடைத்துக்கொண்டு வந்து, அவருடைய நல்ல கையை விரித்து, உள்ளங்கையில் வைத்தாள்.

"இதத்தான் சொல்லுதியளா மாமா? நான்தான் எடுத்தேன். நீங்க போய் எங்கயாவது முட்டிக்கிடக்கூடாதுன்னுதான் எடுத்தேன். வேற ஒண்ணும் இல்ல."

மாமா சாவியைப் பார்த்தார். கட்டைவிரலால் அதன் பல்லைத் தடவினார். தெரு வழியாகப் பழைய பேப்பர்க்காரன் கூவிக்கொண்டு போனான். அவர் முகத்தின் இடது பாதி மேலே ஏறியது, கண்ணில் நீர் கோத்தது, தலை மெல்ல ஆடியது.

"காட்டிலஸ்" என்றார்.

தெரிந்துவிட்டது. அவ்வளவுதான், தெரிந்துவிட்டது, இதுதான், இதைத்தான் சொல்லிக்கொண்டிருந்தார். நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். ஆனால் இந்தத் தடவை சொன்னதில் ஒரு இழுவை இருந்ததே, தப்பைக் கண்டுபிடித்தவன் சொல்கிற மாதிரியா இருந்தது, இல்லை, அடி கள்ளி என்று பிள்ளையைச் சொல்கிற மாதிரியா? கள்ளி என்றுகூட இரண்டு விதமாகச் சொல்லலாமே. போலீஸ்காரன் சொல்கிற கள்ளி, அம்மா சொல்கிற கள்ளி. அப்படிப் பார்த்தால் தமிழிலும் எந்த வார்த்தையை நம்பி உட்கார முடியும்? கண்ணீர் எதற்கு? டாக்டர் சொல்லியிருந்தார், இந்த நோயில் கண்ணீர் தானாக வரும், அதற்கு அர்த்தம் எடுக்கக் கூடாதென்று. சிரிப்புக்கும் அர்த்தம் எடுக்கக் கூடாது, கண்ணீருக்கும் எடுக்கக் கூடாது, வார்த்தைக்கு மட்டும் எடுக்க வேண்டுமா? எடுக்காமல் இருக்க முடிகிறதா?

வெளிக்கேட்டு திறக்கிற சத்தம் வந்தது. பேச்சுப் பயிற்சி கொடுக்கிற பெண் இன்றைக்குத்தான் முதல் தடவை வருகிறாள், மறந்தே போய்விட்டது. மேலப்பாளையத்துப் பெண், நிலோஃபர் என்று பெயர். கறுப்பு அங்கியைச் சரிசெய்தபடி உள்ளே வந்தவள், மாமாவின் கட்டிலண்டை ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். வந்தவுடன் நோயைப் பற்றிக் கேட்கவில்லை. "ஸலாம் சார். உங்க வாதத்தை எங்க வாப்பா கோர்ட்ல கேட்டிருக்காங்க" என்றாள். மாமாவின் கழுத்து நிமிர்ந்தது. பையிலிருந்து படம் போட்ட அட்டைகளை எடுத்தாள். இசக்கி கதவோரம் நின்றாள். இப்போது சொல்வார், அவளைப் பார்த்துக் கையைக் காட்டிச் சொல்வார், இந்தப் படித்த பெண்ணுக்கு அர்த்தம் தெரியும், ஒரு முறை திரும்பித் தன்னைப் பார்ப்பாள், பிறகு பார்க்காத மாதிரி இருப்பாள்.

"இது என்ன சார்?" அட்டையில் ஒரு நாய் இருந்தது.

மாமா நாயைப் பார்த்தார். உதடு குவிந்து, திணறி, முயன்றது.

"காட்டிலஸ்."

"சரி. இது?" குடை.

"காட்டிலஸ்."

சூரியன், வாழைப்பழம், சைக்கிள். ஒவ்வொன்றுக்கும் அவர் படத்தை உற்றுப் பார்த்து, சரியான சொல்லைக் கண்டுபிடித்துவிட்ட தீர்மானத்தோடு அதையே சொன்னார். சொன்ன பிறகு அது இல்லை என்று அவருக்கே தெரிந்து முகம் சுருங்கியது. படுக்கைமேல் கிடந்த சாவியை எடுத்து நிலோஃபர் காட்டினாள். அதற்கும் அதுதான். தன் மூக்கைத் தொட்டுக் காட்டினாள். அதற்கும்.

நிலோஃபர் இவள் பக்கம் திரும்பினாள். "இப்படித்தான் அக்கா ஆகும். எல்லாம் அடைபட்டுப்போய் ஒரே ஒரு வார்த்தை மட்டும் மாட்டிக்கிட்டு நிக்கும். அவங்க ஒவ்வொரு தடவையும் வேற எதையோதான் சொல்ல நினைக்காங்க, வாயில இது வந்துருது. ஒருத்தருக்கு 'திங்கக்கிழமை'ன்னு மட்டும் வரும். இன்னொரு அம்மா எல்லாத்துக்கும் கெட்ட வார்த்தைதான் சொல்லுவாங்க, பாவம், வீட்டுல ஆளுக்காளு கோவிச்சுக்கிட்டாங்க. அந்த வார்த்தைக்கு அர்த்தம் பாக்காதீங்க. ராகத்தைக் கேளுங்க. பசியா, வலியா, வான்னு கூப்பிடுதாங்களான்னு ராகத்துல தெரியும்."

"அப்போ ஆளைப் பாத்துச் சொல்லுதது இல்லையா?"

"இல்லக்கா. நாய்க்கும் குடைக்கும் அதுதான சொன்னாங்க."

அவ்வளவுதான். ஏழு நாளாக நெஞ்சில் கிடந்த அம்மிக்கல் யாரோ ஒருத்தி வந்து உருட்டிவிட்ட மாதிரி போய்விட்டது. நாய்க்கும் குடைக்கும். இசக்கி சிரித்தாள், வாய்விட்டே சிரித்துவிட்டாள், நிலோஃபரும் என்னவென்று தெரியாமல் சிரித்தாள். மதினி நின்று நிறுத்தி நிறுத்தி வாசித்ததென்ன, குளியலறைக்குள் நின்று இவள் பட்டதென்ன, பூனையென்ன, பெயரடையென்ன. அட்டைகளை அடுக்கிக்கொண்டு நிலோஃபர் அடுத்த வாரம் வருவதாகச் சொல்லிப் போனாள். கேட்டைச் சாத்திவிட்டுத் திரும்பி நடக்கும்போதுதான் அந்தச் சிரிப்பு பாதியில் நின்றது. நாய்க்கும் குடைக்கும். அப்படியானால் எனக்கென்று ஒன்றும் இல்லையா? இதென்ன பைத்தியம். திட்டவில்லை என்று தெரிந்தால் சந்தோஷப்பட வேண்டியதுதானே. ஆனால் இந்த ஏழு நாளும், பயத்துக்கு அடியில், கஞ்சிக்கு அடியில் மாத்திரை கிடக்கிற மாதிரி, இன்னொன்றும் கிடந்திருக்கிறது. இவ்வளவு பெரிய மனுஷன், இத்தனை ஆயிரம் வார்த்தையும் இழந்தவர், மிச்சமிருந்த ஒன்றை மகனுக்குக் கொடுக்கவில்லை, மகளுக்குக் கொடுக்கவில்லை, தனக்கு வைத்திருக்கிறார் என்ற எண்ணம். வசவாக இருந்தால் என்ன. பெயர் சொல்லாதவர் கண்ணைப் பார்த்துச் சொல்கிற வசவு. அதுவும் குடைக்குப் போய்விட்டது. நாற்காலியில் கிடந்த துணியை எடுத்து மடித்தாள், மடித்ததைப் பிரித்தாள். பிறகு தோன்றியது: குடைக்கும் சொன்னார், சரி. மகளுக்கு ஏன் சொல்லவில்லை? ரூபன் பக்கத்தில் உட்கார்ந்து 'அப்பா, அப்பா' என்று கெஞ்சும்போது ஏன் சுவரைப் பார்க்கிறார்? உடைந்த பேச்சைப் பிள்ளைகளுக்குக் காட்ட வெட்கம். நிலோஃபர் வெளியாள், டாக்டர் மாதிரி. இவளிடம் மட்டும் ஏன் வெட்கமில்லை? வேலைக்காரியிடம் யார் வெட்கப்படுவார்கள், அதனாலா? இல்லை, வீட்டு ஆளிடம் என்ன வெட்கம் என்றா? இதை எந்த போனில் தட்டித் தேடுவது? பூச்சி மறுபடியும் ஊரத் தொடங்கியது. ஆனால் முன்னைப் போலக் கடிக்கவில்லை.

போன் அடித்தது. ஹெப்சிபா மதினி.

"என்ன எஸ்தர், அந்தப் பிள்ள வந்துச்சா? என்ன சொல்லிச்சு?"

"வந்தாங்க மதினி. நல்லாத்தான் பாத்தாங்க. அடுத்த வாரமும் வாராங்க."

"அந்த வார்த்தையப் பத்திக் கேட்டியா?"

கேட்டதைச் சொல்லிவிடலாம். நாய்க்கும் குடைக்கும் அதுதான் மதினி, அதற்கு அர்த்தமே இல்லையாம், நீங்கள் வாசித்தது எதுவும் இல்லையாம். ஒரே வாக்கியம். சொன்னால் மதினியின் உதட்டோர மடிப்பு போய்விடும், ரூபனின் கண்ணாடிப் பார்வையும் போய்விடும், தான் குற்றமில்லாதவள் ஆகிவிடலாம். நாக்கு நுனியில் நின்றது. அப்போது அறையிலிருந்து மாமாவின் குரல் வந்தது. போனில் யார் என்று அவருக்குத் தெரியாது. உரக்கவே வந்தது, கடைசி எழுத்து மேலே ஏறி நின்றது, தண்ணீருக்கோ தலையணைக்கோ, இல்லை, ஆள் எங்கே போய்விட்டாள் என்றோ.

"காட்டிலஸ்!"

போனின் அந்தப் பக்கம் ஒன்றுமே கேட்கவில்லை. துண்டித்துவிட்டதோ என்று இசக்கி காதிலிருந்து எடுத்துப் பார்த்தாள். இல்லை, ஓடிக்கொண்டுதான் இருந்தது.

"அப்பாவா?" என்றாள் மதினி. அது வேறு யாருடைய குரலோ போல இருந்தது. சின்னப் பிள்ளைக் குரல். "அப்பா சத்தமா அது? விழுந்ததுக்கப்புறம் நான் இப்பதான் கேக்கேன் எஸ்தர்." மூக்கை உறிஞ்சுவது கேட்டது. அழுகிறாளா? மதினிகூட அழுவாளா? அன்றைக்கு அந்த 'என்ன'வுக்குப் பின்னால் நின்றது இதுதானா, தன்னிடம் பேசாத அப்பா இவளிடம் மட்டும் பேசுகிறாரே என்கிற வயிற்றெரிச்சலா? இவ்வளவு நாளும் மதினிக்குத் தன்மேல் சந்தேகம் என்றே நினைத்துக்கொண்டிருந்தாளே.

"யாரக் கூப்பிடுதாங்க?" என்று மதினி கேட்டாள்.

இசக்கியம்மாள் அறை வாசலுக்குப் போனாள். மாமா தலையைத் தூக்கி வாசலைப் பார்த்துக்கொண்டிருந்தார். அவளைக் கண்டதும் தலையணையில் சாய்ந்தார்.

"என்னையத்தான் மதினி" என்றாள்.